முகத்தின் மேல் ஓடும் பஸ்

சினிமா எடுத்த எத்திராஜுக்கு ஒரே ஒரு சீடர். சீடர் என்றதும் இளவட்டம் என்று நினைக்க வேண்டாம். தில்லைநாயகம் குருவைவிட மூத்தவர். தாலுகா ஆபீசில் ரிட்டயரான பிறகு எடிட்டிங் கற்க வந்தவர்.

குரு உருப்படியாக எடுத்தது ஒரே ஒரு குறும்படம். அதுவும் இளவயதில், ஒரு தப்பில் பிறந்தது. மெட்ராஸ் தெருக்களை எடுத்து முடித்த சுருளையே மறந்துபோய் மறுபடி கேமராவில் மாட்டி, மொட்டைமாடியில் கூடியிருந்த ஓவிய நண்பர்களை எடுத்துவிட்டார். கழுவி வந்தபோது ஒன்றின் மேல் ஒன்று ஏறியிருந்தது. தகரத்தை வெட்டிச் சிற்பம் என்றவன் தோளில் மூர் மார்க்கெட். மையில் தோய்த்த சைக்கிள் டயரை உருட்டி ஓவியம் என்றவன் முகத்துக்குள் மவுண்ட் ரோடு மாடி பஸ்.

பார்த்த ஊர் சிரித்தது. நண்பர்களோ குருவைத் தூக்கிக்கொண்டு ஆடினார்கள்.

இன்று அந்த மார்க்கெட் இல்லை, மாடி பஸ் இல்லை, ஆடியவர்களில் ஒருவர்கூட இல்லை. படத்தைப் போட்டால் மட்டும் அந்த மாடியில் இன்னும் வெயில் அடிக்கிறது.

டயர் உருட்டியவன் பெயர் அருணகிரி. தில்லைநாயகத்தின் தம்பி. "படம் போடுறவனுக்கு இங்க சோறு இல்ல" என்று அப்பா சொன்ன அன்றே ரயிலேறியவன், திரும்பவே இல்லை. வீட்டிலிருந்த அவன் போட்டோக்களையும் அப்பா கிழித்துப் போட்டுவிட்டார். அவன் மிஞ்சியிருப்பது குருவின் படத்தில் மட்டும்தான்; அண்ணன் எடிட்டிங் கற்க வந்ததே அதற்காகத்தான்.

ஒருநாள் சீடர் கேட்டார்.

"சார், கம்ப்யூட்டர்ல இப்போ எதை வேணும்னாலும் அழிக்கலாம். அந்த பஸ்ஸை எடுத்துடட்டுமா?"

"எதுக்கு?"

"தம்பி முகத்தை முழுசாப் பார்க்கணும் சார். சாகறதுக்குள்ள ஒரு தடவை."

"எடுங்க."

வாரக்கணக்கில் உட்கார்ந்து அழித்தார். பஸ் போனது, கம்பங்கள் போயின, ஜனங்கள் போனார்கள். கடைசியில் தம்பி முகம் மட்டும் தனியாக நின்றது. சீடர் அழுதுவிட்டார்.

குருவைக் கூப்பிட்டுக் காட்டினார். குரு கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

"அவன்தானே சார்?"

"அவனேதான்."

"எங்கயாவது தப்பா அழிச்சிட்டேனா?"

"இல்ல, ரொம்பச் சரியா இருக்கு. உங்க வீட்டை விட்டுட்டு வந்து எழும்பூர்ல இறங்கினப்போ, ஊரும் இல்லாம ஆளும் இல்லாம, இப்படித்தான் தனியா நின்னான்."