முதல்வர் சேர்த்த சுரம்

சென்னையில் ஒரு மேற்கத்திய இசைப் பள்ளி. அதன் முதல்வர் டாக்டர் கிளமென்ட் ராஜநாயகத்துக்கு இசையைவிடத் தன் பெயரை அச்சில் பார்ப்பதில்தான் பிரியம் அதிகம். இருநூறு வருஷத்துக்கு முன்னால் செத்துப்போன ஒரு ஜெர்மன்காரர், செல்லோ என்ற பெரிய வயலின் மாதிரியான வாத்தியத்துக்கு எழுதிய இசைக்குறிப்பைப் புத்தகமாகப் போட்டு, பக்கத்துக்குப் பக்கம் "காப்புரிமை என்னுடையது" என்று அச்சடித்திருந்தார்.

நூலக உதவியாளர் சகாயமேரி, அதே இசைக்குறிப்புக்கு அலமாரியில் கிடந்த பழைய ஜெர்மன் பிரதியை மாணவர்களுக்கு ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தாள். முதல்வர் உடனே நிர்வாகக் குழுவைக் கூட்டிவிட்டார்.

"இவ என் சொத்தைத் திருடிட்டா. இன்னைக்கே வேலையை விட்டு அனுப்புங்க!"

"சார், எழுதினவர் செத்து எத்தனையோ காலமாச்சு. அந்த இசை இப்ப எல்லாருக்கும் பொது. புதுசா நீங்க சேர்த்தது எதுவோ அதுதான் உங்களுது. என்ன சேர்த்தீங்க?" என்று கேட்டாள் சகாயமேரி.

முதல்வர் மீசையை நீவிக்கொண்டார். "ஏழாம் பக்கம், மூணாவது வரி, கடைசிச் சுரம். உலகத்துல வேற எந்தப் பதிப்புலயும் கிடையாது. முழுக்க என் கற்பனை!"

முதல்வரின் புத்தகம் வந்த மூன்று வருஷமாக அந்தச் சுரம் வந்தாலே செல்லோ கிறீச்சிடும். பிள்ளைகள் பல்லைக் கடித்துக்கொண்டு வாசிப்பார்கள்.

சகாயமேரி பழைய பிரதியின் ஏழாம் பக்கத்தை விரித்துக் குழுவின் முன் வைத்தாள். அதே வரியில், அதே இடத்தில், நசுங்கிக் காய்ந்துபோய், அச்சடித்த சுரப்புள்ளி மாதிரியே ஒட்டிக்கொண்டிருந்தது ஒரு கொசு. முதல்வரின் புத்தகம் அந்தப் பிரதியின் அப்பட்டமான நகல்.

"இசை ஜெர்மன்காரருது," என்றாள் சகாயமேரி. "கொசுவை அடிச்சது நான். இதுல சாரோடது எதுங்க?"