செண்பகவல்லி வகுத்த தொகுதி

கோதண்டவர்ம மகாராஜாவுக்குத் திடீர் திடீரென்று யோசனை வரும். அப்படி வந்த ஒன்றுதான் மக்கள் சபை. ராஜ்யத்தைத் தொகுதி தொகுதியாகப் பிரிப்பது. ஊரார் கைதூக்கித் தொகுதிக்கு ஓர் உறுப்பினரைத் தேர்ந்தெடுப்பது. அவர் சபைக்கு வந்து ஊர்க்குறையைச் சொல்வது. நல்ல யோசனைதான், யார் இல்லை என்றது? எல்லை வகுக்கிற வேலையை மட்டும் மந்திரி மழவராயரிடம் விட்டுவிட்டார்.

நெடுங்குளம் தொகுதியில் எப்போதும் மந்திரியின் மைத்துனர் நீலமேகம்தான் ஜெயிப்பார். கைதூக்காதவன் எவன் என்று மந்திரியின் ஆட்கள் பார்த்து வைத்துக்கொள்வார்கள். அடுத்த தேர்தலுக்குள் அவன் வீடு தொகுதிக்கு வெளியே கிடக்கும். வீடு நகராது, எல்லை நகர்ந்துவிடும். போன தடவை ஏரிக்கரைத் தெருவே மொத்தமாக வெளியே போயிற்று. உடைந்த மடையை எப்போது கட்டுவீர்கள் என்று கேட்டுத் தொலைத்தார்கள், பாவம். பக்கத்துத் தொகுதியும் அவர்களைச் சேர்த்துக்கொள்ளவில்லை. குறை சொல்ல ஆளில்லை, அதனால் சபைக் கணக்கில் அங்கே குறையே இல்லை.

அரசவையில் வாயாடிப் பிழைக்கும் வெண்காடன் பிறந்தது அந்தத் தெருவில்தான். தங்கை நங்கை இன்னும் அங்கேதான் குடியிருந்தாள்.

ஒருநாள் மழவராயர் சபையில் எழுந்தார். "மகாராஜா, நெடுங்குளம் ஒற்றுமைக்குப் பேர்போன தொகுதி. கீழே இருக்கிற கை ஒன்றுகூடக் கிடையாது. அதன் வரலாற்றைக் கல்லில் வெட்டி, எல்லை சந்திர சூரியர் உள்ளவரை மாறாது என்று சாசனம் செய்ய வேண்டும்."

ராஜாவுக்குக் கல்வெட்டு என்றால் உயிர். "வெண்காடா, நீ எழுது. ஒரு பொய் இருக்கக் கூடாது. மந்திரியார் மனம் நோகவும் கூடாது. எது தவறினாலும் நாட்டைவிட்டே போய்விடு."

மழவராயர் மீசைக்குள் சிரித்துக்கொண்டார்.

சேதி கேட்டு நங்கை அன்று மாலையே ஓடி வந்தாள். "அண்ணா, அந்தக் கல்லை நட்டுட்டா நம்ம தெரு செத்துச்சு. மடை உடைஞ்சு வயலெல்லாம் பொட்டலாக் கிடக்கு. பிள்ளைங்களைக் கூட்டிக்கிட்டு நாங்க எங்கே போறது?"

வெண்காடன் கூடத்தில் குறுக்கும் நெடுக்குமாக நடந்தான். பிறகு, "தெருவிலே கரும்பு இருக்கா?" என்றான்.

"நான் என்ன பேசுறேன், நீ என்ன கேக்குறே?"

"இருக்கா, இல்லையா?"

"கிணத்தடியிலே கொஞ்சம் நிக்குது."

"வெட்டிக் கொல்லை வாசலுக்கு வாசல் வை. பட்டப்பகல்லே வை. ஒளிக்க வேண்டாம்."

நங்கை அண்ணனுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று அழுதுகொண்டே போனாள்.

மறுநாள் வெண்காடன் கைகட்டி நின்றான். "மகாராஜா, எந்தச் சாசனமும் நான்கு எல்லையில்தான் தொடங்கும். எல்லையை நம் வழக்கப்படி பெண்யானை நடந்து காட்ட வேண்டும். மேலே அரசர், முன்னால் கயிறு பிடித்து எல்லை வகுத்தவர். அதற்குப் பிறகுதான் உளி கல்லைத் தொடும்."

பட்டு உடுத்தி, மேளதாளத்தோடு ராஜாவுக்கு முன்னால் நடப்பதை மழவராயர் மனசுக்குள் பார்த்துவிட்டார். "கட்டாயம் நடக்க வேண்டும்," என்றார். ஆசை யாரை விட்டது?

பெண்யானை செண்பகவல்லி கோயில் வாசலிலிருந்து கிளம்பினாள். நாலடி வைத்ததும் மழவராயர் கயிற்றை இழுக்க, வலக்கைப் பக்கம் திரும்பினாள். உடனே இடக்கைப் பக்கம். ஒரு மாட்டுக் கொட்டகையைச் சுற்றினாள், வந்த வழியே திரும்பினாள். ராஜா அம்பாரியில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இடித்துக்கொண்டார்.

"இங்கே ஏன் திரும்புகிறோம்?"

மழவராயர் வாய் திறப்பதற்குள், பக்கத்து வீட்டு வாசலில் நின்ற கிழவர் சொன்னார்: "நான் ரோட்டைப் பத்திக் கேட்டேன் சாமி. என்னை வெளியே போட்டுட்டாங்க. கொட்டகை என் மச்சான் பேர்லே இருக்கு, அது மட்டும் உள்ளே."

அடுத்த திருப்பத்தில் ஒருவன் பாலத்தைப் பற்றிக் கேட்டவன். அதற்கடுத்த வீட்டுக்காரர் கேட்கக்கூட இல்லை, கைதூக்கும் நேரத்தில் முதுகு சொறிந்தவர். உச்சி வெயில் ஏறியது. மழவராயரின் பட்டு வியர்வையில் ஒட்டிக்கொண்டது. கடைசியில் எண்ணெய்ச் செக்கு ஆண்டியப்பன் வீட்டு வாசலில் செண்பகவல்லி நின்றேவிட்டாள்.

"என்ன?" என்றார் ராஜா, இடுப்பைப் பிடித்துக்கொண்டு.

"எல்லை வீட்டுக்குள்ளே போகுதுங்க," என்றாள் ஆண்டியப்பன் மனைவி. "அவர் கைதூக்கினார், கூடம் உள்ளே. நான் தூக்கலே, அடுப்படி வெளியே."

ராஜாவின் முகம் சிவந்தது. "வெண்காடா, வரலாறு எழுதினாயா?"

"பொய்யும் கூடாது, மந்திரியார் மனமும் நோகக் கூடாது என்றீர்கள். அதனால் நான் ஒரு சொல்லும் எழுதவில்லை, மகாராஜா. தொகுதியின் வரலாறு தங்கள் இடுப்புக்கு இந்நேரம் மனப்பாடம் ஆகியிருக்குமே."

"கயிற்றை விடும் மழவராயரே! இனி இவள் தானாகப் போகிற வழிதான் எல்லை," என்றார் ராஜா.

காலையிலிருந்து தண்ணீர் காணாத செண்பகவல்லி நேரே ஏரிக்குப் போனாள். குடித்தாள். குளித்தாள்; ராஜாவையும் பாதி குளிப்பாட்டினாள். அப்புறம் ஏரிக்கரைத் தெருவுக்குப் பின்புறமாக வளைந்து, கொல்லை வாசல் ஒவ்வொன்றிலும் நின்று கரும்பு தின்றுகொண்டே, தெரு முழுவதையும் உள்ளே வைத்து ஊரைச் சுற்றிக் கோயில் வாசலுக்கு வந்து சேர்ந்தாள். கடைசி வாசலில் கரும்பு நீட்டிய நங்கைக்கு அப்போதுதான் எல்லாம் புரிந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"இதுதான் எல்லை. மடையை நாளைக்கே கட்டுங்கள்," என்றார் ராஜா.

மழவராயர் மூச்சிரைக்க ஓடி வந்தார். "அநியாயம் மகாராஜா! யானை லஞ்சம் வாங்கிவிட்டது. கரும்பைக் காட்டித் திருப்பியிருக்கிறார்கள்!"

ராஜா வெண்காடனைப் பார்த்தார்.

"வாங்கினாள்தான், மகாராஜா," என்றான் வெண்காடன் பணிவாக. "ஆனால் பட்டப்பகலில், எல்லாரும் பார்க்க வாங்கினாள். அவளே தின்றாள். மைத்துனருக்கு என்று ஒரு துண்டுகூட எடுத்து வைக்கவில்லை."

ராஜா சிரித்த சிரிப்பில் அம்பாரி ஆடியது.