ஹாஸ்கி அழைத்து வந்தவர்கள்

"சின்னம்மா, கிலுக்கை என் கையில எப்பத்தான் கொடுப்பீங்க?"

நானபா அடுப்பில் மக்காச்சோளக் கஞ்சி கிண்டிக்கொண்டிருந்தாள். தலை நிமிரவில்லை.

ஹாஸ்கி வாசலோரம் நின்றிருந்தான். கையில் கிண்ணம். நின்றபடியே பாதிக் கஞ்சியைக் குடித்திருந்தான்.

அவனுக்கு அவளைவிட வயது கூட. தலையும் நரைத்தாயிற்று. ஆனாலும் அவள் அவனுடைய அம்மாவின் குலம். அமெரிக்கப் பழங்குடியினரான நவஹோ மக்களிடம் குலம்தான் முறையைச் சொல்லும், நரை சொல்லாது. ஆகவே சின்னம்மா.

அவள் நோய் தீர்க்கும் பாடகி. பாட்டாலும், தரையில் தூவிப் போடும் மணல் ஓவியத்தாலும் தீர்ப்பவள். பாடும்போது தாளத்துக்குக் குலுக்க, கையில் ஒரு தோல் கிலுக்கு இருக்கும். படிக்க வந்தவனிடம் என்றைக்கு அப்படி ஒன்றைக் கொடுக்கிறாளோ அன்றைக்கு அவன் பாடகன்.

ஹாஸ்கி தன் குறையைச் சொல்லத் தொடங்கினால் நிறுத்த மாட்டான். பாட்டு அத்தனையும் பாடம். ஒரு சொல் தவறியதில்லை. கிழக்குக்கு வெள்ளை, தெற்குக்கு நீலம், மேற்குக்கு மஞ்சள், வடக்குக்குக் கறுப்பு. கண்ணைக் கட்டிவிட்டாலும் ஓவியம் போடுவான். அவனுக்குப் பின்னால் வந்த ஒரு சோம்பேறி, பாட்டின் நடுவே கொட்டாவி விடுகிறவன், போன குளிர்காலமே கிலுக்கோடு ஊருக்குப் போய்விட்டான்.

நானபா கரண்டியைத் தட்டி வைத்தாள்.

"உன்மேல யாராவது பாடியிருக்காங்களா?"

"எனக்கு என்ன நோய்? வருஷக்கணக்கா தண்டவாளத்துல ஆணி அடிச்ச உடம்பு இது."

"உக்காந்து குடி."

அவன் உட்காரவில்லை. இந்த முறையும் இல்லையென்றால் ரயில்வே வேலைக்கே திரும்பிப் போகிறேன் என்றான். மூட்டை கட்டியாயிற்று என்றான். அது பொய்யில்லை. கட்டில் ஓரத்தில் இருந்தது மூட்டை. அவன் வந்த நாளிலிருந்து அதை அவிழ்த்ததே இல்லை.

அவள் வெளியே பார்த்தாள். மலையடிவாரத்தில் முதல் பனி விழுந்திருந்தது. இடி உறங்கப் போய்விட்டது. இடி விழித்திருக்கும் வரை பாடக் கூடாத பாட்டுகளை இனிமேல் பாடலாம்.

"ஒரு சடங்கு இருக்கு. ஓவியம் நீதான் போடணும். ஆளுங்களைக் கூப்பிடுறதும் நீதான்."

"நோயாளி யாரு?"

"ஆளைக் கூப்பிட்டுட்டு வா."

"கிலுக்கு?"

"ஆளைக் கூப்பிட்டுட்டு வா மகனே."

அவளுடைய பிக்கப் வண்டியை எடுத்துக்கொண்டு கிளம்பினான்.

ஆள் இல்லாத வீட்டில் பாடக் கூடாது. எத்தனை பெரிய பாடகரானாலும், சுற்றி உறவுக்காரர்கள் உட்காராமல் பாட்டு நோயாளியைத் தொடாது என்பார்கள். அது ஹாஸ்கிக்கும் தெரியும். கூப்பிடப் போகிற வேலைதான் பிடிக்கவில்லை.

வழியில் அம்மாவின் வீடு வந்தது.

கட்டையும் மண்ணும் வைத்துக் கட்டிய ஹோகன். கதவு கிழக்கே பார்த்திருக்கும். வடக்குச் சுவரில் ஆள் நுழையும் அளவுக்கு ஓர் ஓட்டை. வீட்டுக்குள் யாராவது இறந்துபோனால் வடக்குச் சுவரை உடைத்து அந்த வழியாகத்தான் வெளியே எடுப்பார்கள். பிறகு அந்த வீட்டில் யாரும் இருக்க மாட்டார்கள். பக்கத்தில்கூடப் போக மாட்டார்கள்.

ரயில்வேயிலிருந்து அவன் திரும்பி வந்த அன்று இதே பாதையில்தான் வந்தான். அம்மா போன செய்தியை யாரும் அவனுக்குச் சொல்லியிருக்கவில்லை. ஓட்டை சொன்னது.

இன்றும் அந்த இடத்தில் வண்டியை வேகமாக விட்டான்.

முதல் வீடு வந்ததும் வண்டியை நிறுத்தி உள்ளேயே உட்கார்ந்திருந்தான். அங்கே கதவைத் தட்டுகிற வழக்கம் இல்லை. வண்டிச் சத்தம் கேட்டு வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தால் இறங்கலாம். பார்க்காவிட்டால் திரும்பிவிடலாம்.

யாரும் பார்க்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டான்.

ஒரு பெண் எட்டிப் பார்த்தாள். பெயர் டெஸ்பா. கை முழுக்க ஆட்டு ரோமம். யார் என்று கேட்டாள்.

"ஹாஸ்கி."

"பேரை யாரு கேட்டா?"

குலத்தைக் கேட்கிறாள். ரயில்வே முகாமில் யாரும் குலம் கேட்டதில்லை. பெயரைச் சொன்னால் சம்பளம் வந்துவிடும். நானபாவிடம் படிக்க வந்தபோது ஒரே ஒரு தடவை சொன்னது. அதோடு சரி.

"அம்மா வழி கசப்புத் தண்ணீர்க் குலம். அப்பா வழி உப்புக் குலம்."

"கசப்பும் உப்புமா? மூஞ்சியைப் பாத்தப்பவே நினைச்சேன்."

சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். அவளுடைய அப்பாவும் உப்புக் குலம்தான். அப்படியானால் நீ எனக்கு அண்ணன் முறை ஆச்சே என்றாள். முறை தெரிந்த மறு நிமிஷமே வேலையும் வந்தது. ஆட்டுப்பட்டியின் கம்பம் சாய்ந்து கிடக்கிறது, அண்ணன் என்று ஒருத்தர் இருந்தால் பார்த்துக்கொண்டு சும்மா போவாரா என்றாள்.

ஹாஸ்கி கம்பத்தை நிமிர்த்தி அடித்துக் கொடுத்தான். தண்டவாளக் கை. இனிமேல் அது சாயாது.

யாருக்குச் சடங்கு என்று கேட்டாள். தெரியாது, சின்னம்மா சொல்லவில்லை என்றான். காய்ந்த இறைச்சி கொஞ்சம் கட்டிக் கொடுத்தாள். வண்டியில் தின்றுகொண்டே போனான்.

அடுத்த வீட்டில் ஒரு கிழவர். காது மந்தம். ஹாஸ்கி குலத்தைச் சொன்னான். கிழவர் காதைக் காட்டினார். இன்னும் சத்தமாகச் சொன்னான். இன்னும் காட்டினார். கடைசியில் மலையில் எதிரொலிக்கும்படி கத்தினான். கசப்புத் தண்ணீர். உப்பு. கிழவர் நிதானமாகத் தலையாட்டிவிட்டு, மருமகனே, நான் ஒன்றும் அவ்வளவு செவிடில்லை என்றார்.

இப்படியே போயிற்று. ஒரு வீட்டில் அவன் சித்தப்பா. இன்னொரு வீட்டில் தாத்தா. எல்லா வீட்டிலும் யாருக்கு என்று கேட்டார்கள். எல்லா வீட்டிலும் தெரியாது என்றான்.

கடைசி வீட்டில் யாரும் எட்டிப் பார்க்கவில்லை. புகைபோக்கியில் புகையும் இல்லை. திரும்பிவிடலாம். ஆனாலும் வெகுநேரம் வண்டியில் உட்கார்ந்து அந்தக் கதவைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

சடங்கு நாள் விடிந்தது.

நானபாவின் ஹோகனின் நடுவே சுத்தமான மணலைப் பரப்பி, ஹாஸ்கி மண்டியிட்டான். அரைத்த கல்லின் நிறங்கள் மரப்பட்டைகளில் காத்திருந்தன. கோலப்பொடி விடுகிற மாதிரி, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே மணலை இழைய விட்டான். வெள்ளை. நீலம். மஞ்சள். கறுப்பு. சோளச் செடிகள் எழுந்தன. கடைசியாக, எல்லாவற்றையும் சுற்றி வானவில். அதை மூன்று பக்கம் மட்டும் போட்டுக் கிழக்கைத் திறந்துவிட வேண்டும். திறந்துவிட்டான்.

வெளியே வண்டிகள் வந்து நிற்கும் சத்தம். பெண்கள் ரொட்டி தட்டும் சத்தம். டெஸ்பா ஓர் ஆட்டையே கொண்டுவந்து இறக்கியிருந்தாள். அண்ணன் அடித்த கம்பம் என்று யாரிடமோ பெருமை பேசிக்கொண்டிருந்தாள்.

ஒவ்வொருவராக உள்ளே வந்தார்கள். சூரியன் போகும் திசையில் சுற்றி வந்து, ஆண்கள் தெற்கே உட்கார்ந்தார்கள், பெண்கள் வடக்கே. தோளோடு தோள் இடித்தது. கடைசி வீட்டுக்காரர்கூட வந்துவிட்டார். அன்றைக்கு ஆடு தேடிப் போயிருந்தாராம். வண்டித் தடம் பார்த்து விசாரித்துக்கொண்டு வந்தாராம்.

ஹாஸ்கி மட்டும் கதவோரம் நின்றான்.

நோயாளி வரவில்லை.

கூரைத் துவாரத்து வெளிச்சம் வானவில்லின் மேல் நகர்ந்து, சோளச் செடியைத் தாண்டி, சுவரில் ஏறத் தொடங்கியது. சூரியன் மறைந்த பின்னால் ஓவியம் இருக்கக் கூடாது. அஸ்தமனத்துக்குள் யாராவது அதன்மேல் உட்கார வேண்டும், பாட வேண்டும், அழித்து மணலை வெளியே கொண்டுபோய்விட வேண்டும். யாரும் வராவிட்டால் இத்தனையும் வீண். கிலுக்கும் இல்லை. பிறகு மூட்டைதான்.

ஓவியத்தை மிதிக்காமல் ஓரமாக நடந்து நானபாவிடம் போனான். சாலை வரைக்கும் போய்ப் பார்த்துவிட்டு வரட்டுமா என்று காதருகே கேட்டான்.

நானபா தன் மருந்துப் பையிலிருந்து கிலுக்கை எடுத்தாள்.

ஹாஸ்கி கையை நீட்டினான்.

அவள் கொடுக்கவில்லை.

"கூப்பிடப் போனப்ப, யாருக்குன்னு கேட்டாங்களா?"

"எல்லாரும் கேட்டாங்க."

"என்ன சொன்னே?"

"தெரியாதுன்னேன்."

"யாருக்குன்னே தெரியாம எதுக்குடா இத்தனை பேர் வந்திருக்காங்க?"

ஹாஸ்கி நீட்டிய கையை இறக்கினான்.

அவன் திரும்பிப் பார்த்தான். ஒருவர்கூடக் கதவைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. டெஸ்பா பாவாடையை இழுத்து ஒதுக்கி, அவன் ஓவியத்துக்குப் போவதற்கு வழிவிட்டாள்.

காது மந்தமான கிழவர் பக்கத்தில் இருந்தவரிடம், ரகசியம் பேசுவதாக நினைத்துக்கொண்டு, ஹோகன் முழுக்கக் கேட்கும்படி கேட்டார்:

"என்ன, மருமகன் இன்னும் நின்னுக்கிட்டேவா இருக்கான்?"

ஹாஸ்கி குனிந்து பூட்ஸ் கயிற்றை அவிழ்க்கத் தொடங்கினான்.