வேன் சொன்ன பதில்

"ஒன்பது வருஷம் டீச்சர்! நேத்து வந்தவளுக்குத் தூக்கிக் கொடுத்துட்டீங்களே, இது நியாயமா?"

கேட்டவர் வைகுண்டம். தூத்துக்குடியில் பிலோமினா டீச்சரின் பட்டறையில் மூத்த சீடர். வயதிலும் டீச்சரைவிட நாலு வருஷம் மூத்தவர். காரில் செருகினால் கோளாறைப் படித்துச் சொல்லுமே ஒரு சின்ன டப்பா, அதுவும் அதை இயக்க உள்ளே ஓடும் ஃபர்ம்வேர் என்கிற நிரலும்தான் அங்கே படிப்பு. சீடர்கள் ஆளுக்கொரு டப்பா செய்து பழகுவார்கள்.

தூக்கிக் கொடுத்தது ஒரு பென் டிரைவ். டீச்சர் இத்தனை வருஷமாக எழுதிய மூல நிரல் முழுக்க அதில் இருந்தது. அது யார் கைக்குப் போகிறதோ அவர்தான் டீச்சருக்குப் பிறகு பட்டறையை நடத்துவார்.

அதை மூன்று நாளைக்கு முன், வெளியூர் போய்த் திரும்பியதும், புதிதாகச் சேர்ந்த சபூராவின் கையில் பார்த்துவிட்டார் வைகுண்டம். அன்றிலிருந்து அவளோடு பேச்சில்லை. அவள் "அண்ணே, ஒரு நிமிஷம்" என்று பின்னால் வந்தால், முகத்தைத் திருப்பிக்கொண்டு விறுவிறுவென்று போய்விடுவார்.

"வைகுண்டம், அதை நான்..."

"அவளுக்கு என்ன தெரியும்?"

"நான் சொல்றதைக் கொஞ்சம்..."

"என் டப்பாதான் வேகம்! அவளோடது வண்டிகிட்ட ஒரு கேள்வி கேட்டுட்டு, பதிலுக்கு இருநூறு மில்லிவிநாடி தேமேன்னு காத்துக்கிட்டு நிக்குது. என்னோடதுல அதை இருபதாக் குறைச்சிருக்கேன். பாக்கீங்களா?"

டீச்சர் பேச்சை விட்டுவிட்டார். வாசலில் நின்ற பழைய வேனைக் கையால் காட்டினார்.

வைகுண்டம் டப்பாவைச் செருகினார். திரையில் 'பதில் இல்லை'. மறுபடியும் 'பதில் இல்லை'. பத்துத் தடவை முட்டிப் பார்த்தார்.

"வேன் செத்துப்போச்சு டீச்சர்."

டீச்சர் சபூராவின் டப்பாவைச் செருகினார். வேன் தன் கோளாறையெல்லாம் வரிசையாகச் சொன்னது.

அடடா, அந்த மனுஷன் முகத்தைப் பார்க்க வேண்டுமே!

"அவ டப்பாவுல எனக்குத் தெரியாம என்னமோ போட்டுக் கொடுத்திருக்கீங்க!"

"ஒண்ணும் போடலை. வேன் பழசு. அது வாயைத் திறக்கவே நூறு மில்லிவிநாடி ஆகும். உங்களுக்கும் அது பதில் சொல்லிச்சு, வைகுண்டம். பத்துத் தடவையும் சொல்லிச்சு. அதுக்குள்ள உங்க டப்பா காதை மூடிக்கிட்டுது."

வைகுண்டம் இருபதை அழித்து இருநூறு என்று மாற்றினார். செருகினார். வேன் பேசியது.

வேனின் படியில் உட்கார்ந்தார். பிறகு மெதுவாகக் கேட்டார்.

"அந்த பென் டிரைவை ஏன் டீச்சர் அவகிட்டக் கொடுத்தீங்க?"

கேட்டுவிட்டு, இந்தத் தடவை பதிலுக்குக் காத்திருந்தார்.

"அன்னைக்கு நீங்க திருச்செந்தூர் போயிருந்தீங்க. வந்ததும் உங்க கையில கொடுக்கச் சொல்லித்தான் அவகிட்டக் கொடுத்தேன்."