மந்திரி கேட்ட வெறும் எடம்

ஒரே ஒரு ஊருல, ஆத்தோரமா, கோரைப்பாய் நெய்யுற ஒருத்தி இருந்தா. பேரு சடைச்சி. புருசன் இருளப்பன் கோரை அறுத்துக் காயப்போடுவான், இவ சாயம் ஏத்தி நெய்வா. ஒருநா நல்ல உச்சிவெயில்ல வானத்துலேருந்து பித்தளைக் குடம் மாதிரி ஒண்ணு விழுந்து, காயப்போட்ட கோரை மேல பொத்துன்னு உக்காந்துச்சு. அதுக்குள்ளேருந்து ஒரு ஆள் வந்தான். முழ உயரம், புளியங்கொட்டை நிறம், மூணு கை, கைக்கு ஆறு விரல்.

சடைச்சி கும்பிட்டா. "சாமி, நீ யாரு?"

"நான் சாமி இல்ல தாயி. வானத்துல எங்க ஊரு வேற. ஒரு மூணுநா இங்க தங்கிக்கிடுறேன்"ன்னான்.

அவன் எப்படித் தமிழ் பேசுனான்னு கேக்காதீங்க. நரி பேசுனா நம்புறீங்கல்ல, இதையும் நம்புங்க.

அவன் பாய் நெய்யுறதையே பாத்துக்கிட்டு இருந்தான், அப்புறம் சொன்னான்: "எங்க ஊருல கணக்குக்கும் சித்திரத்துக்கும் சாமி கும்பிடுறதுக்கும் ஒரே பேருதான் தாயி, ஞூம். எண்ணணும். எண்ணுனதை வரையணும். வரைஞ்சதுல ஒரு எடத்தை வெறுமையா விடணும். எவ்வளவு எண்ணினாலும் எண்ணுக்குள்ள அடங்காத ஒண்ணு மிச்சம் இருக்கும்ல? அந்தப் பெரிய பொருளுக்கு அந்த எடம்."

இதை வேலிக்கு அந்தப்பக்கம் நின்னு ஒருத்தன் கேட்டுட்டான். யாரு? ராசாகிட்ட எட்டு மந்திரி, அதுல எட்டாவது ஆளு, கெம்பராயன். மத்த ஏழு பேரையும் விட ஒசந்துடணும்னு வயிறு எரியுறவன். 'பெரிய பொருளுக்கு எடம்'னு காதுல விழுந்ததும், 'அங்க நான் உக்காந்தா நான்தானே பெரியவன்'னு நெனச்சுக்கிட்டான்.

ஒடனே ஆள் விட்டு இருளப்பனைப் பிடிச்சுக் கொட்டடியில போட்டுட்டான். "ஏய் சடைச்சி! மூணுநாள்ல எனக்கு ஒரு பாய் வேணும். நடுவுல நான் உக்கார்ற அளவுக்கு வெறும் எடம் விடு. வெளிய மூச்சு விட்டே, உன் புருசன் தலை இருக்காது"ன்னான்.

அவ ஓடிப்போய் வானத்தாளைக் கேட்டா. அவனோட புளியங்கொட்டை நிறம் சாம்பலாப் போச்சு. "வேணாம் தாயி. அதுல உக்காந்தவனும் எண்ணுக்குள்ள வரமாட்டான். யார் கணக்குலயும் நிக்கமாட்டான்."

நெய்யலைன்னா புருசன் போயிடுவான், நெய்ஞ்சா ஒரு மனுசன் போயிடுவான். என்ன செய்வா, சொல்லுங்க?

மொத நாளு எடமே விடாம அடைச்சு நெய்ஞ்சா. கெம்பராயன் வந்தான். "எடம் எங்க?"

"வேணாம் எசமான், உக்காராதீங்க. கணக்குலேருந்து போயிடுவீங்க."

"உன் புருசனுக்கு இன்னைக்குச் சோறு இல்ல"ன்னுட்டுப் போனான்.

ரெண்டாநாளு ஒரு சாண் எடம் விட்டா. "என் பாதம்கூடக் கொள்ளாதே!"

"உக்காராதீங்க எசமான், உங்க புள்ளைகுட்டி மேல ஆணை."

"உன் புருசனுக்கு இன்னைக்குத் தண்ணியும் இல்ல."

மூணாநாளு விடிஞ்சு பாத்தா, குடத்தையும் காணோம், ஆளையும் காணோம். கேக்க நாதியில்ல. தறியில உக்காந்தா, கண்ணீர் சாயத்துல விழ விழ நெய்ஞ்சா. நாலு பக்கமும் நெய்ஞ்சு, நடுவுல ஆள் உக்கார்ற எடத்தை அப்படியே விட்டுட்டா. கெம்பராயன் வந்து பாயைச் சுருட்டினான்.

அவன் காலைக் கட்டிக்கிட்டா. "எசமான், மூணாந்தடவையாச் சொல்றேன். உக்காராதீங்க!"

"அந்த ஏழு மந்திரிமாரும் சொல்லிவிட்டாங்களாக்கும்?"ன்னு ஒரு சிரிப்பு. காலை உதறிட்டு நேரா அரமனைக்குப் போனான். 'என் புருசன் என்ன ஆனானோ'ன்னு இவளும் பின்னாலயே ஓடினா.

சபையில பாயை விரிச்சான், நடுவுல சம்மணம் போட்டு உக்காந்தான். இடி இடிக்கல, மின்னல் வெட்டல. ராசா வந்தாரு.

"மந்திரிமாரு வந்தாச்சா?"

காவக்காரன் எண்ணினான். ஒண்ணு, ரெண்டு, மூணு... "ஏழு பேரும் இருக்காங்க ராசா!"

"நல்லது"ன்னாரு ராசா.

"ராசா! எட்டு! நான் எட்டாவது!"ன்னு கெம்பராயன் கத்துறான். ஒருத்தரும் திரும்பல. தாவி எந்திரிச்சு ராசா முன்னால போய் நின்னான், ராசா அவனை ஊடுருவித் தூணைப் பாத்தாரு. பந்தி போட்டாங்க, ஏழு எலை. அவன் பொஞ்சாதி பல்லக்குல வந்தா, "எனக்கு இன்னும் கல்யாணமாகலையே"ன்னு தோழிகிட்டச் சொல்லிக்கிட்டே அவனைத் தாண்டிப் போனா.

கொட்டடிக்காரன் வந்தான். "ராசா, ஒரு பாய்க்காரனை அடைச்சு வச்சிருக்கோம். யாரு அடைக்கச் சொன்னதுன்னு தெரியல."

"நான் சொன்னேன்!"னு கெம்பராயன் அலறுறான்.

ராசா ஏழு பேரையும் கேட்டாரு. ஏழு பேரும் இல்லைன்னாங்க. "யாருமே சொல்லலைன்னா ஏன்யா அடைச்சீங்க? சோறு போட்டு அனுப்புங்க!"

சடைச்சி ஓடிப்போய் இருளப்பனைத் தாங்கிப் பிடிச்சா. உதடு வெடிச்சிருந்துச்சு, உசிரு இருந்துச்சு. அவனுக்குத் தண்ணி குடுத்துக்கிட்டு இருக்கப்ப, முந்தானையை யாரோ இழுத்தாங்க. அந்தப் பாயை நெய்ஞ்சவளாச்சே, அவ கண்ணுக்கு மட்டும் கெம்பராயன் தெரிஞ்சான்.

"சடைச்சி, தாயே, மந்திரிமாரோட என்னையும் சேத்து ஒருதடவை எண்ணு!"

புருசனைப் பட்டினி போட்டவன்தான். ஆனாலும் அவ எண்ணினா. ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு, அஞ்சு, ஆறு, ஏழு... எட்டுன்னு சொல்ல நாக்கு பொரளல. மறுபடி எண்ணினா. பொரளல. மூணாந்தடவையும் ஏழோட நின்னு போச்சு.

"நான் என்ன செய்வேன் எசமான்"ன்னு அழுதுட்டு, புருசனைக் கூட்டிக்கிட்டுத் திரும்பிப் பாக்காம நடந்துட்டா.

எல்லாருக்கும் மேல எடம் கேட்டவனுக்கு, எல்லாரோடயும் இருக்கிற எடமும் போச்சு. நடந்தது எங்கயோ, சொன்னது என் வாயி, கேட்டது உங்க காது. இருங்க, தூங்குறதுக்கு முன்னால உங்களை ஒருதடவை எண்ணிக்கிடுறேன்.