எறும்பாக நடந்த செம்பி

மலையடிவாரக் காடு ஒன்றில், ஓடைக்கரையில் ஒரு மாமரம் நின்றது. அதன் கிளைகளில் இலைகளைச் சேர்த்துத் தைத்துக் கூடு கட்டி முசுறு எறும்புகள் வாழ்ந்தன. அவற்றின் கடி பொல்லாதது. கடித்த இடத்தில் எரியும் நீரையும் பீய்ச்சும். அதனால் அந்த மரத்தில் உட்காரப் பறவைகள் யோசிக்கும்.

அந்த எறும்புகளுக்கு நடுவே செம்பி என்று ஒரு சிலந்தியும் இருந்தாள், குழந்தைகளே. வலை பின்னிக் காத்திருக்கிற சிலந்தி அல்ல, தாவிப் பாய்ந்து இரை பிடிக்கிற இனம். ஆனால் அவளைப் பார்த்து யாரும் சிலந்தி என்று சொல்லமாட்டார்கள். எறும்பின் செந்நிறம், எறும்பின் ஒடுங்கிய இடுப்பு. ஒன்றுதான் இடித்தது. எறும்புக்கு ஆறு கால், தலையில் இரண்டு உணர்கொம்பு. செம்பிக்கோ எட்டுக் கால், கொம்பே கிடையாது. ஆகவே பறவைகள் எறும்பென்று நம்பி விலகட்டும் என்று, முன்னங்கால் இரண்டையும் தலைக்கு மேலே தூக்கிக் கொம்பு போல ஆட்டிக்கொண்டு, மற்றக் கால்களால் நடந்தாள்.

விடிந்தது முதல் பொழுது சாயும்வரை இதே பாடு. தூக்கிய கால்கள் மரத்துப் போகும். எங்காவது தாவலாமா என்று உடம்பு துடிக்கும். எறும்புகள் தாவுவதில்லையே என்று அடக்கிக்கொள்வாள். எறும்புகளோடும் ஒட்டமுடியாது. ஒரு எறும்பு தொட்டு முகர்ந்தால் போதும், வாசனை காட்டிக்கொடுத்துவிடும். எதிரே எறும்பு வந்தால் இலையின் மறுபக்கம் ஒதுங்கிப் போவாள்.

"இன்றைக்கு இது போதும்" என்று அடிக்கடி தனக்குள் சொல்லிக்கொள்வாள். போதும் என்று நிறுத்திவிடக்கூடிய வேலையா அது? மறுபடியும் நடப்பாள்.

பக்கத்துப் புதரில் ஒரு தையல்சிட்டு குஞ்சு பொரித்திருந்தது. பிடிவாதக்காரச் சிட்டு. அது ஒருநாள் அணிலிடம் கேட்டது.

"அந்த மாமரத்தில் சிலந்தி நூல் தொங்குகிறது. சிலந்தியைத்தான் காணவில்லை. எப்படிக் கண்டுபிடிப்பது?"

அணிலுக்கு வாய் ஓயாது. "இது தெரியாதா உனக்கு? எறும்புகளுக்குள்ளே தேடு. கொம்பு இருக்கவேண்டிய இடத்தில் கால் ஆடினால் அது சிலந்தி. முகத்தையும் பார். எறும்புக்குப் பக்கத்துக்கு ஒரு கண். சிலந்திக்கு முன்னாலேயே இரண்டு பெரிய கண், விளக்கு மாதிரி முழிக்கும். தாவினால் பின்னாலேயே நூல் வரும். அப்புறம் சந்தேகமே வேண்டாம்."

இலைக்குப் பின்னால் இருந்த செம்பி அத்தனையும் கேட்டாள். அவளுக்குப் பயம்கூட வரவில்லை. அலுப்புத்தான் வந்தது. 'இனி முகத்தையும் மறைக்கவேண்டுமா?' என்று நினைத்தாள்.

மறுநாள் அவள் கிளையில் போய்க்கொண்டிருந்தபோது, சாம்பல் நிறச் சிலந்தி ஒன்று அவள் எதிரே தொப்பென்று விழுந்தது. அவன் பெயர் நரையன். வேடம் போடத் தெரியாதவன்.

"அக்கா, காப்பாற்று! சிட்டு துரத்துகிறது!"

"யாருக்கு யார் அக்கா? நான் எறும்பு. போய்விடு" என்றாள் செம்பி.

"நீ நூல் விட்டதைப் பார்த்திருக்கிறேன், அக்கா. யாரிடமும் சொன்னதில்லை."

செம்பி அவனை உற்றுப் பார்த்தாள். தன்னை அறிந்தவன் ஒருவன் இத்தனை நாள் இதே மரத்தில் இருந்திருக்கிறான்! சிட்டின் சிறகோசை நெருங்கிவிட்டது.

"கால்களை மடக்கிக்கொண்டு செத்ததுபோலக் கிட. அசையாதே" என்றாள்.

அவனை வாயில் கவ்விக்கொண்டு நடந்தாள். எறும்பு இரையைத் தூக்கிப் போவதுபோலவே இருந்தது. பாரம் தலையைக் கீழே இழுத்தது. தூக்கிய முன்னங்கால்கள் வலித்தன. ஆனாலும் அவற்றைக் கீழே இறக்கவில்லை.

சிட்டு அடுத்த கிளையில் வந்து உட்கார்ந்தது.

"ஏய் எறும்பே! அது நான் துரத்திய இரை. போடு கீழே."

கவ்விய வாயோடு செம்பி முனகினாள். "வேண்டுமானால் வந்து எடுத்துக்கொள். பின்னால் எங்கள் கூட்டம் வருகிறது. அவர்களிடமும் கேட்டுக்கொள்."

கூட்டம் வந்துகொண்டுதான் இருந்தது. சிட்டு தயங்கியது. தயங்கினாலும் போகவில்லை.

"உன் முகத்தைக் கொஞ்சம் இந்தப் பக்கம் காட்டு, பார்ப்போம்."

செம்பி திரும்பவில்லை. நரையனின் உடல் அவள் முகத்தைப் பாதி மறைத்திருந்தது. அதற்குள் எறும்புகள் இரையைக் கண்டு ஓடிவந்தன. அவை உதவிக்குத்தான் வந்தன. தொட்டால் இருவருக்கும் சாவு. நரையனைப் போட்டுவிட்டு ஒதுங்கினால் அவள் மட்டும் தப்பலாம். இதுவரை அப்படித்தானே ஒதுங்கி வந்தாள்?

முதல் எறும்பின் கொம்பு நெருங்கியது.

செம்பி நரையனோடு தாவினாள்.

பின்னால் நூல் வெயிலில் பளிச்சென்று மின்னியது. "சிலந்தி! எட்டுக்கால் சிலந்தி!" என்று சிட்டு கத்திக்கொண்டு பாய்ந்தது. அவசரத்தில் எறும்புகள் மொய்த்த கிளையிலேயே கால் வைத்தது. எறும்புகள் அதன் காலைக் கவ்வின. துடித்துப்போய்ப் புதருக்குப் பறந்தது.

இரண்டு சிலந்திகளும் நூலில் இறங்கி, ஓடைக்கு மேலே நீட்டியிருந்த கிளை வழியாக அக்கரைக்குப் போய்ச் சேர்ந்தார்கள். அங்கே ஒரு பட்டுப்போன மருதமரம். அதன் பட்டை இடுக்கில் நுழைந்தார்கள்.

"என்னால் உன் வேடம் கலைந்துவிட்டது, அக்கா. இனி அந்த மரத்துக்குப் போகமுடியாதே" என்றான் நரையன்.

செம்பிக்குக் கோபம் வரும் என்று அவளே எதிர்பார்த்தாள். வரவில்லை.

"அதை அப்புறம் பேசலாம். எனக்குத் தூக்கம் வருகிறது. நீ கொஞ்சம் வெளியே பார்த்துக்கொள்கிறாயா?"

"பார்த்துக்கொள்கிறேன். தூங்கு, அக்கா."

நரையன் இடுக்கின் வாயிலில் போய் உட்கார்ந்தான். செம்பி எட்டுக் கால்களையும் பட்டைமேல் பரப்பி வைத்தாள். அவன் அடுத்து ஏதோ சொன்னதை அவள் கேட்கவில்லை. அதற்குள் தூங்கிப்போயிருந்தாள்.

நீதி: நம்மை உள்ளபடி அறிந்தவர் அருகில் இருந்தால்தான் நாம் இளைப்பாற முடியும்.