கேள்வி மேலே, பதில்கள் கீழே

“டீச்சர், ஒரே ஒரு லெட்டரை மட்டும் அழிச்சிட்டா தப்பா?”

கேட்டவர் திரவியம். வயது ஐம்பத்தெட்டு. அவர் டீச்சர் என்று கூப்பிடும் மெஹருன்னிசாவுக்கு நாற்பதுகூட ஆகவில்லை. வேலை கற்றுக்கொடுத்தவர் டீச்சர்தானே.

வேலை இதுதான். காது கேளாத பிள்ளைகளைப் பெற்றவர்கள் இருபது வருஷமாக ஈமெயிலில் பேசிக்கொள்ளும் குழு ஒன்று. அதில் சேர்ந்த பதினோராயிரம் கடிதங்களையும், யார் வேண்டுமானாலும் தேடிப் படிக்கிற வலைப்பக்கங்களாக மாற்ற வேண்டும். கேள்வி மேலே, பதில்கள் கீழே. நாளைக்குப் புதிதாக ஒரு பதில் வந்தாலும் அதனதன் கேள்விக்குக் கீழே தானாகப் போய்ச் சேர்ந்துகொள்ளும்.

“யாரோட லெட்டர்?”

“என்னோடதுதான்.”

“அழிங்க.”

இவ்வளவு சுலபமாகச் சொல்லிவிடுவார் என்று திரவியம் நினைக்கவில்லை. அழித்தார். அப்பாடா என்றிருந்தது.

மெஹருன்னிசா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அந்தக் கடிதத்துக்கு வந்த முதல் பதிலைத் திறந்தார். சேலத்துக்காரர் ஒருவர் எழுதியது. அதன் அடியில், அழித்த கடிதம் அப்படியே இருந்தது. பதில் எழுதுகிறவர்கள் கேள்வியையும் சேர்த்தேதான் அனுப்புவார்கள். இதைக்கூட யோசிக்காத மனுஷன்.

‘என் மகளுக்கு ஒன்றரை வயது. காது கேட்காது என்று இன்று சொல்லிவிட்டார்கள். இவள் பிறக்காமலே இருந்திருக்கலாம். இவளோடு நான் எப்படி வாழ்வது?’

“ஆதிரை படிப்பா, டீச்சர்,” என்றார் திரவியம். “இப்ப இருபது வயசு. கோயம்புத்தூர் ஹாஸ்டல்ல இருக்கா. இந்த வெப்சைட் எப்பப்பா வரும்னு வாரா வாரம் மெசேஜ் போடுறா.”

“அப்ப பதிலையும் அழிங்க.”

“எத்தனை இருக்கு?”

“அறுபத்து மூணு.”

திரவியம் ஆரம்பித்தார்.

சேலத்துக்காரர்: ‘ஐயா, முதலில் சாப்பிடுங்கள். பிறகு எனக்குப் போன் பண்ணுங்கள்.’ அன்று திரவியம் பண்ணினார். ஒன்றரை மணி நேரம் பேசினார். இதை எப்படி அழிப்பது?

அடுத்தது தூத்துக்குடியிலிருந்து ஓர் அம்மா. பால், அப்பா, போதும் என்று மூன்று வார்த்தைக்குச் சைகை எழுதியிருந்தார். ஆதிரை முதலில் கற்றுக்கொண்டது ‘போதும்’. திரவியம் பேசப் பேசக் கையை ஆட்டிப் போதும் என்பாள்.

சாயங்காலம் ஆயிற்று. ஒன்றுகூட அழியவில்லை.

“நான் என்ன பண்ணட்டும், டீச்சர்?”

மெஹருன்னிசா கீபோர்டை அவர் பக்கம் நகர்த்தி வைத்துவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார்.

திரவியம் தன் கடிதத்தை எடுத்த இடத்திலேயே திரும்பப் போட்டார். அந்தப் பக்கத்தின் முகவரியை மகளுக்கு அவரே அனுப்பினார். ‘படி’ என்று மட்டும் எழுதினார்.

அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்கவில்லை. மகளிடமிருந்து மெசேஜும் இல்லை.

மறுநாள் காலையில் காப்பிகூடக் குடிக்காமல் வந்து அந்தப் பக்கத்தைத் திறந்தார். கடிதத்துக்குக் கீழே பதில்கள் அறுபத்து நான்கு என்று இருந்தது.

‘அன்புள்ள திரவியம் ஐயா,

உங்கள் கேள்வியை நேற்றுதான் பார்த்தேன். தாமதத்துக்கு மன்னிக்கவும்.

பயப்படாதீர்கள், போகப் போகப் பழகிவிடும். உங்களோடு வாழப் பழக எனக்கும் கொஞ்ச நாள் ஆனது.

முதலில் சாப்பிடுங்கள்.

ஆதிரை’